ரெங்கத்துக் கறிபாப்பும் என் சமோசாவும்

காலை ஆறேமுக்கால் மணிக்கே தஞ்சோங் பாகார் ரயிலடிக்கு வந்துவிட்டேன். வண்டி ஏழரைக்கு. முக்கால் மணி முன்னதாக வருவானேன் என்று கேட்பவர்கள் என்னோடு பயணம் போகாதவர்கள். வண்டியைத் தவறவிட்டவன் என்ற பேர் இதுவரை எனக்கு இல்லை. ரிக்‌ஷாவுக்கு இருபது காசு, ரெங்கம் வரை மூன்றாம் வகுப்புச் சீட்டு ஒன்றே முக்கால் வெள்ளி, ரயிலடியில் ஒரு கோப்பைக் காப்பி மூன்று காசு. அந்தக் காப்பியைப் பற்றி ஒன்றும் சொல்லாமல் விடுவது நல்லது.

கையில் இரண்டே சாமான். ஒன்று குடை. மற்றது பிஸ்கோத்துத் தகர டப்பா, அதற்குள் முப்பது சமோசா. சுபுஹுத் தொழுகைக்கு முந்தி எழுந்து, என் கையாலேயே மைதா மாவில் ஏடு தேய்த்து, கறி கொத்தி, மடித்துப் பொரித்தவை. எனக்குச் சிங்கப்பூரில் ஒரு சாப்பாட்டுக் கடை இருக்கிறது. ஊர் நாகூர்ப் பக்கம். என் சமோசாவைப் பற்றி நானே சொன்னால் பெருமை என்பீர்கள், சொல்லாவிட்டால் பின்னால் நடந்தது உங்களுக்கு விளங்காது. ஆகையால் சொல்லிவிடுகிறேன்: துறைமுகத்தில் இறங்குகிற மாலுமிகூட வழி கேட்டு வந்து வாங்கிப் போவான்.

ரெங்கம் எங்கே இருக்கிறது என்று தெரியாதவர்களுக்கு: ஜொகூர் சீமையில், ஜொகூர் பாருவுக்கு வடக்கே சுமார் நாற்பத்தைந்து மைல். அதைத் தாண்டினால் குளுவாங். ஊர் பார்க்க என்று யாரும் அங்கே போவதில்லை. ரப்பர்த் தோட்டத்தில் சோலி இருக்கிறவன் போவான், இல்லாவிட்டால் என்னைப் போலப் பெண் கேட்கப் போகிறவன் போவான். என் தங்கச்சி மகன் சாகுல் அங்கே ரயிலடிக்கு எதிரே தேநீர்க்கடை வைத்து ஆறு வருஷமாகிறது. தகப்பன் இல்லாத பிள்ளை. பக்கத்துக் கம்பத்து, அதாவது மலாய்க் கிராமத்து, பெண் மைமூன் மேல் மனசு வைத்துவிட்டான். தங்கச்சி ஊரிலிருந்து காகிதம் எழுதியிருந்தாள்: "நானா, நீங்க நேர்ல போய்ப் பாருங்க. உங்க மனசுக்குச் சரின்னு பட்டா முடிச்சிருங்க, படலேன்னா அவனைக் கப்பலேத்தி அனுப்பிருங்க." முடிவு முழுவதும் என் தலையில். அது போதாதென்று சாகுலும் எழுதியிருந்தான். மைமூனை மூவாரில் இருக்கும் அவள் அத்தை தன் மகனுக்குக் கேட்டிருக்கிறாளாம், வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டுமாம். "வியாழனுக்குள்ள வாங்க மாமு" என்று அடியில் இரண்டு கோடு போட்டிருந்தான். நான் புறப்பட்டது புதன்கிழமை.

எட்டேகால் மணிக்கு வண்டி ஜொகூர் நீரிணையைத் தாண்டியது. கடலின் குறுக்கே கருங்கல்லைக் கொட்டி, அதன் மேல் தண்டவாளமும் மோட்டார்ப் பாதையும் போட்டிருக்கிறார்கள். முக்கால் மைல் நீளம். முன்பெல்லாம் இதைப் படகில் கடந்து, துணி நனைந்து, சாமான் எண்ணி ஏறினோம். இப்போது கண் மூடித் திறப்பதற்குள் அக்கரை. ஜொகூர் பாருவில் சுங்கக்காரர் ஏறி வந்தார். டப்பாவைத் திறக்கச் சொன்னார். திறந்தேன். குனிந்து மோந்து பார்த்துவிட்டு, மூடியை அவரே பத்திரமாக அழுத்தி மூடினார்.

எதிர்ப்பலகையில் ஒரு கங்காணியார். காதில் கடுக்கன், தோளில் துண்டு, காலடியில் ஒரு கூடை நாற்று. ரெங்கத்துக்கு அடுத்த தோட்டத்தில் காலையில் நூறு ஆளை வரிசையில் நிறுத்திப் பெரட்டு எடுக்கிறவராம்.

"பாய், டப்பா இந்த மணம் மணக்குதே, என்னா அது?"

"சமோசா. கேட்டாலும் தர முடியாது கங்காணியாரே, பொண்ணு கேக்கப் போற வீட்டுக்கு."

"ரெங்கத்துக்கா? அப்ப டீக்கடை சாகுல் பாய்க்குத்தான்."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"ஊருக்கே தெரியும் பாய். அவங்க ரெண்டு பேரும் மட்டும்தான் யாருக்கும் தெரியாதுன்னு நெனச்சிக்கிட்டு இருக்காங்க."

பிறகு அவரே விவரம் சொன்னார். பெண்ணின் தாய் லீமா, உருளைக்கிழங்கோ மீனோ உள்ளே வைத்து அரை வட்டமாக மடித்துப் பொரிக்கிற கறிபாப் செய்து சாகுலின் கடையில் விற்கக் கொடுக்கிறவள். சாயங்காலம் நாலு மணிக்குத் தோட்டத்துக் கணக்குக் கிராணிமார், ரயில்வேக்காரர், ரப்பர்ப் பாலை எடை போட்டுவிட்டு வருகிற ஆட்கள் எல்லாரும் அங்கேதான் தேநீருக்குக் கூடுவார்களாம். தனிச் சமோசாவும் கேட்கமாட்டார்களாம், தனிக் கறிபாப்பும் கேட்கமாட்டார்களாம். ஒரு மூணு மூலை, ஒரு அரை வட்டம், இரண்டையும் ஒரே தட்டில் வைத்துக் கொடுத்தால்தான் ரெங்கத்தில் அது தேநீராம்.

"அது சரி, பேச்சு முடியற வரைக்கும் கை நனைக்கமாட்டீங்கல்ல?" என்று கேட்டார்.

"பசியில மயங்கி விழுந்தாலும் மாட்டேன்" என்றேன்.

"எங்களுக்கும் அதே கட்டுதான்" என்று துண்டை உதறிப் போட்டுக்கொண்டார்.

வாசிக்கிறவர்களில் இந்தக் காலத்துப் பிள்ளைகளும் இருப்பீர்கள், அதனால் சொல்கிறேன். பெண் கேட்கப் போன வீட்டில், சம்பந்தம் முடிந்தது என்று இரண்டு பக்கமும் வாயால் சொல்கிற வரை நாங்கள் சாப்பிடுவதில்லை. தண்ணீர்கூடக் குடிக்கமாட்டோம். முடிந்த பிறகு பிஸ்மி சொல்லித் தட்டில் கை வைப்போம். கை வைத்தாயிற்றென்றால் பேச்சு மாறக்கூடாது. உப்பைத் தின்றுவிட்டு இல்லை என்று சொல்வது ஆண்பிள்ளைக்கு அழகில்லை.

கூலாய், லாயாங் லாயாங் தாண்டிப் பத்தே முக்காலுக்கு ரெங்கம். ரயிலடியை விட்டு இறங்கினால் ஒரே தெரு. சீனன் மளிகை இரண்டு, அடகுக்கடை ஒன்று, தையற்காரன், அப்புறம் சாகுல் கடை. அதற்கப்பால் எந்தப் பக்கம் திரும்பினாலும் பால்மரம். காற்றில் புளித்த ரப்பர்ப் பால் வாடை. முதல் அரைமணி நேரம் மூக்கைச் சுளித்தேன், அப்புறம் பழகிவிட்டது.

சாகுல் ஓடி வந்து ஸலாம் சொல்லிக் கையைப் பிடித்துக்கொண்டான். கை சில்லென்று இருந்தது. நான் முறைப்பாக உட்கார்ந்தேன், உள்ளுக்குள் பிள்ளையைப் பார்த்துப் பாவமாக இருந்தது. கடையைச் சுற்றிப் பார்த்தேன். சுத்தமான கடை. கண்ணாடி அலமாரியில் மேல்தட்டில் சமோசா, கீழ்த்தட்டில் கறிபாப். இரண்டும் ஒரு கோப்பைத் தேநீருமாகச் சேர்த்து ஐந்து காசு.

"மாமு, ஒரு கறிபாப் சாப்பிட்டுப் பாருங்களேன்."

"அது பொண்ணு வீட்டுப் பண்டம். உன் கடையில வெச்சாலும் பொண்ணு வீட்டுப் பண்டம்தான். கொண்டு போ அந்தப் பக்கம்."

ஆனால் கண்ணுக்குக் கட்டு ஏது? குனிந்து பார்த்தேன். எங்கள் சமோசாவில் மடிப்பை மைதாப் பசையால் ஒட்டி மறைத்துவிடுவோம், எங்கே தொடங்கி எங்கே முடிந்தது என்று தெரியக்கூடாது. இவர்கள் அந்த ஓரத்தை மறைப்பதில்லை. விரல் நுனியால் கிள்ளிக் கிள்ளி, கயிறு முறுக்கினாற்போல் முறுக்கி, அதையே அழகாக வைத்துவிடுகிறார்கள். ஒன்றில் எண்ணினேன், இருபத்திரண்டு முறுக்கு. எல்லாம் ஒரே அளவு. கடை நடத்துகிறவன் நான், கைவேலை தெரியும். இப்படி ஒரு கை என் கடையில் இல்லை.

"இது தாய் செஞ்சதா, மக செஞ்சதா?"

"முறுக்கு மைமூன்" என்றான். அதைச் சொல்லும்போதே முகம் சிவந்து, அடுப்பைப் பார்க்கப் போனான்.

பகல் மூன்று மணிக்கு ஒரு மழை பெய்து விட்டது. நாலு மணிக்கு அஸர் தொழுதுவிட்டுப் புறப்பட்டேன். மாப்பிள்ளை வரக்கூடாது, கடையிலேயே இருந்தான். ஜமாத்தில் இரண்டு பேரைக் கூட்டிப் போங்களேன் என்றான், நான்தான் கேட்கவில்லை. தண்டவாளத்தை ஒட்டி அரை மைல் நடந்தால் ரயில்வே கேட், அதற்குப் பின்னால் கம்பம். கட்டை மேல் நிற்கிற பலகை வீடு. படியடியில் கால் கழுவத் தண்ணீர்ச் சாடி. பெண்ணின் தகப்பன் பாக் டோல்லா அந்தக் கேட்டைத் திறந்து மூடிய ரயில்வேக்காரர், இப்போது ஓய்வு. ஒல்லியான மனிதர். வயிற்றில் ஒரு கை வைத்தபடியே என்னை வரவேற்றார். எனக்குச் சந்தை மலாய் தெரியும், முப்பது வருஷமாக மீனும் கறியும் அதில்தான் வாங்குகிறேன். பேச்சுக்குப் பஞ்சமில்லை.

பாயில் உட்கார்ந்தோம். என் டப்பாவை லீமா வாங்கிக்கொண்டு போய், பீங்கான் தட்டில் சமோசாக்களை அடுக்கி எடுத்து வந்து கணவர் முன்னால் வைத்தாள். அதன் பிறகு மைமூன் பெரிய தாம்பாளத்தோடு வந்தாள். உயரமான பெண், பயப்படாத கண். தாம்பாளத்தில் பால் தேநீரும், ஒரு பக்கம் அரை வட்டமும், ஒரு பக்கம் மூணு மூலையும். அந்த மூணு மூலைகள் கொஞ்சம் கோணலாக இருந்தன, மடிக்கப் பழகாத கை என்று பார்த்ததும் தெரிந்தது. எல்லாம் அப்போதுதான் எண்ணெயிலிருந்து எடுத்தவை. நானோ மத்தியானம் ஒரு பிடி சோறுதான் தின்றிருந்தேன்.

"ஜாமா லா, சிக்கிட்" என்றாள் லீமா. தொட்டாவது பாருங்கள், கொஞ்சம் என்று அர்த்தம்.

"நந்தி, நந்தி" என்றேன். அப்புறம், அப்புறம். பேச்சு முடியட்டும் என்பது என் கணக்கு.

பேச்சு எங்கே தொடங்கியது? பாக் டோல்லா மழையைப் பற்றிக் கேட்டார். மழையைப் பற்றிச் சொன்னேன். ரப்பர் விலை கேட்டார். விலை சொன்னேன். சிங்கப்பூரில் மீன் என்ன விலை? அதையும் சொன்னேன். "என்ன காரியமாக வந்தீர்கள்" என்று மட்டும் கேட்கவில்லை. பெண் வீட்டார் ஒரு வார்த்தை கேட்டுத்தானே மாப்பிள்ளை வீட்டான் வாயைத் திறப்பான்? நானாக எப்படித் தொடங்குவது? காத்திருந்தேன். அவரும் எதற்கோ காத்திருக்கிற மாதிரி என்னையும் தாம்பாளத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார். தேநீரில் ஆடை படிந்தது.

இந்த நேரத்தில்தான் அது நடந்தது. பாக் டோல்லா என் சமோசாத் தட்டை நோக்கிக் கையை நீட்டினார். லீமா அவரை ஒரு பார்வை பார்த்தாள் பாருங்கள், அடுப்பில்லாமலே எண்ணெய் காயும். அவர் உடனே கையைச் சுருக்கி, ஒரு சமோசாவை விரல் நுனியால் தொட்டு, அந்த விரலை உதட்டில் வைத்துக்கொண்டு, தட்டை மெதுவாக நகர்த்தி வைத்துவிட்டார். ஒரு கடி கடிக்கவில்லை. மாலுமிகள் வழி கேட்டு வந்து வாங்குகிற சமோசா!

எனக்குக் காது மடல் சுட்டது. சரி, விளங்கிவிட்டது என்று நினைத்தேன். இந்த அம்மாளுக்கு மூவார்ச் சம்பந்தத்தில் மனசு. நம் பண்டத்தைத் தின்னாதே என்று கண்ணால் அடக்கிவிட்டாள். வாயால் இல்லை என்று சொல்ல முடியாமல் மழையும் மீனும் பேசுகிறார்கள். இந்த மரியாதைக்கா அறுபது மைல் வந்தேன்? ஐந்து மணி பத்து நிமிஷத்துக்கு எழுந்துவிட்டேன். வண்டிக்கு நேரமாகிறது என்றேன்.

லீமா பதறிப்போய்த் தாம்பாளத்தைத் தூக்கிக்கொண்டு வந்தாள். "ஜாமா லா" என்றாள், மறுபடியும் "ஜாமா லா" என்றாள். நான் இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டு தலையை ஆட்டிவிட்டுப் படியிறங்கினேன். அவள் முகம் வெளுத்துவிட்டது. குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கிறது என்று எண்ணிக்கொண்டே நடந்தேன். இப்போது அதை எழுதும்போது என்னையே நாலு சாத்து சாத்தலாம் போல இருக்கிறது.

ஐந்து இருபதுக்குக் கடை. சாகுல் வாசலிலேயே நின்றான்.

"என்ன மாமு?"

"என்ன நொன்ன மாமு? குடையை எடு. உனக்கு ஊர்ல ஆயிரம் பொண்ணு கிடைக்கும். என் சமோசாவைத் தொட்டுப் பாத்துட்டு வெச்சிட்டாரு உங்க பாக் டோல்லா. அந்தம்மா கண்ணால அதட்டுறா."

"தொட்டாரா? தொட்டுட்டு உதட்டுல வெச்சாரா?"

"வெச்சாரு. அதுக்கென்ன?"

அவன் பெருமூச்சு விட்டு முக்காலியில் உட்கார்ந்தான். "மாமு, அவருக்கு வயித்துப் புண்ணு. எண்ணெய்ப் பலகாரம் வாயில வெக்கக் கூடாதுன்னு ஆஸ்பத்திரி டிரஸ்ஸர் சொல்லியிருக்காரு. மாக் லீமா கண்ணுல வெளக்கெண்ணெய் விட்டுக்கிட்டுக் காவல் இருக்காங்க. திங்க முடியாதவங்க அப்படித்தான் தொட்டு வெப்பாங்க. இந்த நாட்டுல அதுக்கு மேல மரியாதை கிடையாது."

நான் எதிர் முக்காலியில் உட்கார்ந்தேன். அவனே மேலே கேட்டான்:

"அது கிடக்கட்டும், நீங்க என்ன சாப்பிட்டீங்க?"

"பேச்சு முடியாம நான் எப்படிடா சாப்பிடுவேன்?"

"தொடக்கூட இல்லையா?"

"இல்ல."

அவன் முகத்தை அதற்கு மேல் என்னால் பார்க்க முடியவில்லை. சின்னக் குரலில் சொன்னான். விருந்தாளி வாய் நனைக்காமல் இவர்கள் காரியப் பேச்சை எடுப்பதில்லை, எடுத்தால் பசியோடு வந்தவனைப் பிடுங்கித் தின்கிற மாதிரி. அதோடு இவர்களுக்குள் கெம்புனான் என்று ஒன்று உண்டு. நீட்டிய பண்டத்தைத் தொடாமல் எழுந்து போகிறவனுக்கு வழியில் பாம்போ முதலையோ வண்டியோ, ஏதாவது ஆபத்து வரும் என்று நம்புகிறார்கள். அதனால்தான் பசி இல்லாவிட்டாலும் தொட்டாவது வைப்பார்கள். தொடாமலே போனால் ஒன்று அவன் உயிர் பயமில்லாதவன், இல்லை அந்த வீடே வேண்டாம் என்கிறவன்.

ஆக நான் பேச்சு முடியட்டும் சாப்பிடலாம் என்றும், அவர்கள் சாப்பிடட்டும் பேசலாம் என்றும் ஒரு மணி நேரம் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம். அல்லாவே என்று தலையில் கை வைத்துக்கொண்டேன்.

"திரும்பிப் போங்க மாமு. நாளன்னிக்கி வெள்ளிக்கிழமை."

"கோவிச்சுக்கிட்டு வந்த மூஞ்சியைக் கொண்டுபோய் எப்படிடா காட்டுறது? வண்டி வேற வந்திரும்." இதைச் சொன்னது வெட்கமா, வீம்பா, இன்றைக்கும் எனக்குத் தெரியவில்லை. குடையை எடுத்துக்கொண்டு ரயிலடிக்குப் போனேன். அவன் பின்னால் வந்து, பிளாட்பாரத்தின் கடைசியில் தண்ணீர்த் தொட்டி அருகே ஒதுங்கி நின்றான். என்னைப் பார்க்கவில்லை. தங்கச்சியின் செத்துப்போன புருஷன் முகம் அப்படியே இருந்தது. தகப்பன் இருந்தால் இதற்குள் ஓடிப்போய்க் காலில் விழுந்தாவது கேட்டிருப்பான். நான் டப்பாச் சமோசாவின் மானத்தைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன்.

ஐந்து முப்பத்திரண்டு இருக்கும். சரி, இந்த வண்டி போனால் போகட்டும், திரும்பி நடப்போம் என்று குடையை ஊன்றினேன். அப்போது தண்டவாளத்தோரம் இரண்டு பேர் ஓடி வருவது தெரிந்தது. முன்னால் மைமூன், சாரத்தை ஒரு கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு. பின்னால் லீமா, மூச்சு வாங்க முடியாமல். இரண்டு பேரும் பிளாட்பாரத்தில் ஏறி என் முன்னால் வந்து நின்றார்கள். வாழையிலைப் பொட்டலத்தைப் பிரித்து மைமூன் நீட்டினாள்.

லீமா மலாயில் சொன்னாள்: "சாப்பிட வேண்டாம். எங்களைப் பிடிக்காவிட்டால் அதுவும் சரி. ஒரு விரலால் தொட்டுவிட்டு ஏறுங்கள். இருட்டுகிற நேரத்து வண்டி." அவளுக்குக் கண்ணில் தண்ணீர் நின்றது. ஓடி வந்ததால் வந்த தண்ணீரில்லை.

நான் சொன்னேன், எனக்குத் தெரிந்த மலாயில், சொல்லத் தெரியாத இடத்தில் தமிழைப் போட்டு. எங்கள் வழக்கம் இது, கோபமில்லை, பெண் கேட்கத்தான் வந்தேன், நீங்கள் கேட்பீர்கள் என்று காத்திருந்தேன். லீமா வாயில் கை வைத்துக்கொண்டாள். "அவர் எப்போதோ சரி என்றுவிட்டார். நீங்கள் ஒரு வாய் சாப்பிட்டால் கேட்கலாம் என்றுதான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்" என்றாள்.

தூரத்தில் வண்டி ஊதியது.

மைமூன் அவ்வளவு நேரமும் பொட்டலத்தை நீட்டியபடியே நின்றாள். இப்போது தமிழில் கேட்டாள். தேநீர்க்கடை வாசலில் கற்ற தமிழ்.

"மாமு, நீங்க சாப்பிடுறீங்களா, இல்லையா?"

"நான் இதைச் சாப்பிட்டேன்னா எங்க வழக்கத்துல உன்னைக் கேட்டு முடிச்சாச்சுன்னு அர்த்தம். அப்புறம் யாரும் மாத்த முடியாது. உனக்குத் தெரியுமா?"

"தெரியாது" என்றாள். ஒரு நொடி யோசித்தாள். பிறகு பொட்டலத்தை இன்னும் கொஞ்சம் கிட்டே நீட்டினாள்.

பிஸ்மி சொல்லி அரை வட்டத்தில் ஒன்றை எடுத்துக் கடித்தேன். மேல் ஓடு மொறுமொறுவென்று உதிர்ந்தது, அப்படி ஓர் ஓடு நான் பொரித்ததில்லை. உள்ளே பல் பட்டதும் நின்றுவிட்டேன். உருளைக்கிழங்கும் இல்லை, மீனும் இல்லை. கொத்துக் கறி, வெங்காயம், கசகசா, கடைசியில் கிள்ளிப் போட்ட புதினா. எங்கள் வீட்டுக் கறி. என் உம்மா என் தங்கச்சிக்குச் சொல்லிக் கொடுத்து, தங்கச்சி மகனுக்குச் சொல்லிக் கொடுத்த கறி. விடியக்காலம் சாகுல் கறியும் சமோசா ஏடும் கொடுத்து அனுப்பினானாம், லீமா சொன்னாள். கறியை இவள் தன் ஓட்டுக்குள் வைத்து முறுக்கியிருக்கிறாள், தங்கள் மீனையும் தேங்காயையும் மிளகாயையும் நம் ஏட்டில் வைத்துக் கோணலாக மடித்திருக்கிறாள். மூணு மூலையையும் ஒன்று தின்றேன். காரம் மண்டைக்கு ஏறியது, மீன் தேங்காயோடு இனித்தது. மறைக்காமல் சொல்கிறேன், என் டப்பாவில் இருந்தது இதற்குக் கிட்டே நிற்காது. நான் கேட்க வந்த பதில் ஒரு மணி நேரம் என் முன்னால் ஆறிக்கொண்டு இருந்திருக்கிறது.

"வெள்ளிக்கிழமை மூவாருக்கு என்ன சொல்வீங்க?" என்று லீமாவைக் கேட்டேன்.

"இன்றைக்கே சொல்லிவிடுவேன்" என்றாள்.

வண்டி வந்து ஒரு நிமிஷம்தான் நிற்கும். நாள் குறிக்க அடுத்த வாரம் ஜமாத்தாரோடு வருகிறேன் என்று சொல்லி, பொட்டலத்தோடு ஏறிக்கொண்டேன். வண்டி நகர்ந்தது. தண்ணீர்த் தொட்டியருகே நின்ற சாகுல் சன்னலோடு கூடவே ஓடி வந்தான். "மாமு, என்னாச்சு மாமு? சொல்லிட்டுப் போங்க மாமு" என்று கத்தினான். எனக்கு வாய் நிறைய இருந்தது, சொல்ல முடியவில்லை. தின்றுகொண்டிருந்ததைக் கையில் தூக்கிக் காட்டினேன். அவன் அப்படியே ஓட்டத்தை நிறுத்தித் தண்டவாளத்தோரச் சரளைக்கல்லில் உட்கார்ந்துவிட்டான்.

ஜொகூர் பாரு வருவதற்குள் இருட்டிவிட்டது. நீரிணையின் இரண்டு கரையிலும் விளக்கு. எங்கள் ஊரில் எத்தனையோ பெண் வீட்டுப் படி ஏறியிருக்கிறேன். முடியாமல் எழுந்து வந்ததும் உண்டு. நாங்கள் தெரு முனை திரும்புவதற்குள் பின்னால் கதவைச் சாத்துவார்கள், ஏசுவார்கள். தப்பில்லை, மனசு நொந்தவர்கள் அப்படித்தான் செய்வார்கள். லீமாவும் நான் வேண்டாம் என்று போகிறேன் என்றுதான் நினைத்தாள். தன் மகளைத் தள்ளிவிட்டுப் போகிறவன் என்று நினைத்துத்தான், வழியில் இவனுக்கு ஒன்றும் ஆகிவிடக் கூடாதே என்று மகளையும் கூட்டிக்கொண்டு அரை மைல் ஓடி வந்திருக்கிறாள். தங்கச்சிக்குக் காகிதம் எழுதும்போது பெண்ணின் நிறம், உயரம், குர்ஆன் ஓதல் ஒன்றும் எழுதவில்லை, இதை மட்டும்தான் எழுதினேன்.